நூலும் சன்னமும்

ஆயுதக்கிடங்கின் திறவுகோல் மக்களிடம் இருப்பதில்லை. ஆகவே, தாக்கப்படும் மக்கள் முதலில் நாடுவது தம் வீட்டிலுள்ள பொருள்களையே. கட்டில், மெத்தை, அலுமாரி, பீப்பாய், வாசற்கதவு, தெருவிற் பதித்த கல் ஆகிய யாவும் ஒரே நாளில் தம் பழைய வேலையை விட்டுக் காவல் வேலைக்கு வந்துவிடுகின்றன. அவற்றுள் எது துப்பாக்கிச் சன்னத்தைத் தடுக்கும், எது தடுக்காது என்ற கேள்வி அப்பொழுது எழுகிறது. பரிசோதனைச்சாலையில் ஆறுதலாக ஆராய வேண்டிய இக்கேள்விக்கு மக்கள் தம் உடலைப் பணயம் வைத்து விடை கண்டிருக்கிறார்கள். தளபதிகளின் திட்டங்களை விரிவாக எழுதும் சரித்திராசிரியர்கள் இவ்விடைகளைப் பெரிதாகப் பொருட்படுத்துவதில்லை.

அத்தகைய விடை ஒன்றையே நாம் இங்கே எடுத்துக்கொள்கிறோம். 1936 நவம்பரில், ஸ்பெயினின் தலைநகரான மாட்ரிட்டில், ஒரு சர்வகலாசாலைக் கட்டடத்தின் யன்னல்களில் நூல்கள் அரணாக அடுக்கப்பட்டன. அவை சன்னங்களைத் தாங்கின. எத்தனையாம் பக்கம்வரை சன்னம் புகுந்தது என்று பார்த்தவர்களும் உண்டு. கற்பிப்போருக்கும் கற்போருக்கும் இச்செய்தி மகிழ்ச்சி தருவது இயல்பே. ஆயினும் அம்மகிழ்ச்சியோடு நின்றுவிடாமல், நூல் எதைத் தடுக்க வல்லது, எதைத் தடுக்க வல்லதன்று என்பதையும் நாம் ஆராய்ந்தறிதல் வேண்டும்.

பீப்பாயும் மண்ணும்

1588 மே 12ஆம் நாள் பாரிஸ் நகர மக்கள் மூன்றாம் ஹென்றி மன்னனின் படையை மறிப்பதற்காக மண்ணும் கல்லும் நிரப்பிய பீப்பாய்களைத் தெருக்களிலே உருட்டிவந்து வைத்தார்கள். பீப்பாயைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்தே 'பரிக்கேட்' என்று உலகம் இன்று வழங்கும் தெருவரணின் பெயர் பிறந்தது. அன்று முதல் 1830, 1848, 1871 ஆகிய ஆண்டுகளின் எழுச்சிகள் வரை பாரிஸ் தொழிலாளியின் வீட்டுச் சாமான்கள் மீண்டும் மீண்டும் தெருவுக்கு வந்திருக்கின்றன.

இவ்விடத்தில் ஓர் உண்மையைக் கவனிக்க வேண்டும். பீப்பாய் சன்னத்தைத் தடுக்கவில்லை. பீப்பாயினுள் இருந்த மண்ணே தடுத்தது. சன்னத்தின் பலம் அதன் வேகத்தில் இருக்கிறது. அந்த வேகத்தை உண்பவை எதிர்ப்படும் பொருளின் கனமும் உராய்வும் ஆகும். மெத்தையும் தலையணையும் பெரும்பகுதி காற்றாதலால் சன்னம் அவற்றை ஊடுருவிச் செல்கிறது. மெல்லிய பலகைக் கதவு ஆளை மறைக்குமேயன்றிக் காக்காது. மண்ணோ எண்ணிறந்த துகள்களாகப் பிரிந்து, ஒவ்வொரு துகளும் சன்னத்தின் வேகத்திற் சிறிது சிறிதாகப் பங்கிட்டுக்கொள்கிறது. 2009இல் வன்னியிலே எம் தாய்மார் தம் சேலைகளைப் பையாகத் தைத்து மண்ணை நிரப்பிப் பங்கர்களுக்கு அணை கட்டினார்கள். கூறைச் சேலையாயினும் கிழிந்த சேலையாயினும் அங்கே அது மண்ணைப் பிடித்துவைக்கும் பை மட்டுமே. அந்த அறிவை அவர்களுக்குக் கற்பித்தது எந்தப் பாடசாலையுமன்று.

தெருவரணைப் பற்றிய மற்றோர் உண்மையை ஏங்கல்ஸ் 1895இல் எழுதினார். தெருச் சண்டையின் பொற்காலத்திலேயே தெருவரணின் பயன் பொருளளவில் இருந்ததைவிட மனத்தளவிலேயே மிகுதியாக இருந்தது என்பது அவர் கருத்து. எதிரே நிற்கும் படைவீரன் அரணுக்குப் பின்னால் கலகக்காரரைக் காணாமல் தன்னைப் போன்ற மக்களைக் காணும்போது அவன் கை தளர்கிறது. அவ்வாறு தளராவிடின் பீப்பாயும் கல்லும் பீரங்கிக்கு முன் அதிக நேரம் நில்லா. இக்கருத்தை மனத்திற் கொண்டு மாட்ரிட்டுக்குச் செல்வோம்.

சர்வகலாசாலை நகர்

1936 ஜூலையில் ஸ்பெயினின் தளபதிகள் சிலர் மக்கள் தேர்ந்த குடியரசுக்கு எதிராகக் கிளர்ந்தார்கள். ஹிட்லரின் விமானங்கள் மொரோக்கோவிலிருந்த படையைக் கடல் கடத்தி ஸ்பெயினுக்குக் கொண்டுவந்து சேர்த்தன. பிராங்கோவின் தலைமையில் அப்படை வடக்கு நோக்கி வந்து நவம்பர் தொடக்கத்தில் மாட்ரிட்டின் வாயிலை எட்டியது. நவம்பர் 6ஆம் நாள் அரசாங்கம் வலென்சியாவுக்குப் பெயர்ந்தது. தலைநகரின் பாதுகாப்பு ஜெனரல் மியாஹாவின் தலைமையில் அமைந்த பாதுகாப்புக் குழுவின் பொறுப்பாயிற்று. தலைநகர் வீழ்ந்துவிட்டதாகவே உலகப் பத்திரிகைகள் பல எழுதிவிட்டன.

நவம்பர் 8ஆம் நாள் சர்வதேசப் படையணி மாட்ரிட் வீதியில் அணிவகுத்துச் சென்றது. எண்ணிக்கையில் அது இரண்டாயிரத்துக்கும் குறைந்த சிறு படைதான். ஜெர்மன், இத்தாலிய நாடுகளிலிருந்து துரத்தப்பட்டவர்கள், போலந்துச் சுரங்கத் தொழிலாளர், பிரெஞ்சுத் தொழிலாளர் ஆகியோரோடு ஆங்கில இளைஞர் சிலரும் அதில் இருந்தார்கள். நகரைக் காத்த பெருஞ்சுமை மாட்ரிட் மக்களின் தோளிலேயே இருந்தது. எனினும், தாம் தனித்து விடப்படவில்லை என்பதை அம்மக்கள் அன்று கண்ணாற் கண்டார்கள்.

பிராங்கோவின் படை நவம்பர் 15ஆம் நாள் மன்ஸனாரஸ் ஆற்றைக் கடந்து சர்வகலாசாலை நகருள் புகுந்தது. 1927இல் திட்டமிடப்பட்டு, போர் தொடங்கியபோதும் கட்டி முடியாதிருந்த புதிய கல்வி நகரம் அது. போராட்டம் கட்டடத்துக்குக் கட்டடம், மாடிக்கு மாடி நடைபெற்றது. சில கட்டடங்களில் ஒரு மாடியில் ஒரு படையும் அடுத்த மாடியில் எதிர்ப்படையும் இருந்தன. சர்வதேசப் படையணியினர் நிலைகொண்ட கட்டடங்களுள் மெய்யியல், இலக்கியப் பீடமும் ஒன்று. அங்கே மண்மூட்டைகள் போதிய அளவு இருக்கவில்லை. நூல்நிலையம் இருந்தது.

அந்தப் பீடம் பழமையான மடமன்று. குடியரசு தோன்றிய பின்னர், 1933 ஜனவரியில் திறந்துவைக்கப்பட்ட கட்டடம் அது. ஆணும் பெண்ணும் ஒன்றாயிருந்து கற்ற புதுமையை ஸ்பெயின் அங்கே கண்டது. ஸ்பெயின் மக்களில் ஏறத்தாழ மூன்றில் ஒருவர் எழுத்தறியாதிருந்த காலம் அது. 1931இல் ஏற்பட்ட குடியரசு கிராமங்களுக்கு ஆசிரியர்களை அனுப்பியது. நாடகக் குழுக்களை அனுப்பியது. நூறு நூல் கொண்ட சிறு நூல்நிலையங்களை ஐயாயிரத்துக்கு மேற்பட்ட ஊர்களுக்கும் பாடசாலைகளுக்கும் வழங்கியது. நிலப்பிரபுக்களும் மதபீடத்தின் மேலோரும் குடியரசை வெறுத்ததற்கு நிலச் சீர்திருத்தம் மாத்திரம் காரணமன்று. குத்தகைக்காரனின் மகன் கணக்கு வாசிக்கக் கற்றுக்கொண்டதும் ஒரு காரணமாகும்.

அந்தப் பீடத்தின் நூல்நிலையத்தைப் பொறுப்பேற்று நடத்தியவர் ஹுவானா காப்தெவியேல் என்ற இளம்பெண். யன்னல்களில் நூல்கள் அடுக்கப்பட்டபோது அவர் உயிரோடில்லை. அவருடைய கணவர் லா கொருஞ்ஞா மாகாணத்தின் குடியரசு ஆளுநராயிருந்தார். கிளர்ச்சிக்காரர் 1936 ஜூலையில் கணவரைச் சுட்டுக் கொன்றனர். ஆகஸ்டில் ஹுவானாவையும் கொன்றனர். அப்போது அவருக்கு வயது 31. கவிஞர் லோர்கா கொல்லப்பட்டதும் அதே ஆகஸ்டில்தான். லோர்காவின் பெயரை உலகம் அறியும். நூல்களை வரிசைப்படுத்தி மாணவர் கையிற் கொடுத்த அப்பெண்ணின் பெயரையும் நாம் அறிந்துகொள்வது கடமையாகும்.

350 பக்கம்

பீடத்தில் நிலைகொண்ட ஆங்கில இளைஞர்களுள் மூவரை இங்கே குறிப்பிடலாம். ஜோன் சொமர்பீல்ட் நாவலாசிரியர். ஜோன் கோர்ன்போர்ட் கேம்பிரிட்ஜில் சரித்திரம் கற்ற கம்யூனிஸ்ட், கவிஞர், விஞ்ஞானி டார்வினின் கொள்ளுப்பேரன். பேர்னார்ட் நொக்ஸ் கேம்பிரிட்ஜில் கிரேக்க, இலத்தீன் இலக்கியம் கற்றவர். பிரெஞ்சுப் பட்டாளம் ஒன்றின் இயந்திரத் துப்பாக்கிப் பிரிவில் இவர்கள் இருந்தார்கள்.

யன்னல்களுக்கு அரணாக இவர்கள் அடுக்கிய நூல்களுள் இந்திய மெய்யியல் நூல்களும், 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்து ஜெர்மன் தத்துவ நூல்களும் இருந்தன என்று சொமர்பீல்ட் எழுதியிருக்கிறார். அவை சன்னத்தைத் தாங்கின என்பதும் அவர் சாட்சியம். நொக்ஸ் பின்னாளில் இன்னும் நுணுக்கமான செய்தி ஒன்றைத் தந்தார். சன்னம் பாய்ந்த நூல்களை எடுத்துப் பார்த்தபோது, சராசரியாக ஏறத்தாழ 350ஆம் பக்கம்வரை சன்னம் புகுந்திருந்ததாம். மார்புப் பையில் வைத்த வேதப்புத்தகம் உயிர்காத்தது என்று போர்வீரர் சொல்லும் கதைகளை அதற்குப் பின்னரே தம்மால் நம்ப முடிந்தது என்றும் அவர் கூறினார்.

இக்கணக்கை நாம் சற்று ஆராய்ந்து பார்ப்போம். 350 பக்கம் என்பது 175 தாள். சாதாரண அச்சுத் தாளாயின் அதன் கனம் இரண்டு சதமமீற்றரை எட்டாது. ஸ்பானியப் படையின் 7 மில்லிமீற்றர் மௌசர் துப்பாக்கியிலிருந்து சன்னம் செக்கனுக்கு 700 மீற்றர் அளவான வேகத்திற் புறப்படுகிறது. அருகிலிருந்து நேரே வரும் அத்தகைய சன்னத்தை இரண்டு சதமமீற்றர் தாள் நிறுத்தும் என்று எவரும் நம்பக்கூடாது. தொலைவிலிருந்து வந்து வேகம் தளர்ந்தவை, சுவரில் பட்டுத் தெறித்தவை, முன்வரிசை நூலைத் துளைத்துப் பின்வரிசையில் தங்கியவை ஆகியனவே அக்கணக்கைத் தந்திருக்க வேண்டும். நெருக்கி அடுக்கிய தாளின் இயல்பு மரத்தின் இயல்பை ஒத்தது. ஒரு நூல் அரணாகாது. நூல்களின் அடுக்கே அரணாகும்.

இவ்வேறுபாட்டை மறப்பது உயிருக்கு ஆபத்து. 2017இல் அமெரிக்காவின் மின்னசோட்டா மாநிலத்தில் ஓர் இளைஞர், தடித்த கலைக்களஞ்சியம் ஒன்று சன்னத்தைத் தடுத்துவிடும் என நம்பினார். அதை மார்போடு அணைத்துக்கொண்டு, மிக அண்மையிலிருந்து பெரிய கைத்துப்பாக்கியால் தம்மைச் சுடச் செய்தார். இணையத்திற் படமாக வெளியிட்டுப் பார்வையாளரைச் சேர்ப்பது அவர் நோக்கம். நூல் தடுக்கவில்லை, அவர் இறந்தார். மாட்ரிட்டில் பலகாலக் கல்வியைப் பாதுகாக்கத் தேவையின் நெருக்குதலால் நடந்த சோதனை, இங்கே வேடிக்கைச் சந்தையின் பண்டமாயிற்று. அந்த இளைஞரை இகழ்வதிற் பயனில்லை. வறிய இளைஞன் தன் உயிரையே காட்சிப் பொருளாக்கிப் பணம் தேடலாம் என்று ஆசை காட்டும் சமுதாய அமைப்பையே நாம் கேள்வி கேட்க வேண்டும்.

மாட்ரிட்டின் நூல்களுக்குத் திரும்புவோம். அவை சன்னத்தைத் தடுத்தது தம் தாளின் கனத்தால். தம் கருத்தின் கனத்தால் அன்று. ஹேகலின் தருக்கமும் வேதாந்தமும் சன்னத்திற்கு ஒன்றே. அச்சிடாத வெற்றுத் தாளும் அவ்வளவே தடுத்திருக்கும். மேலும், அரணாக நின்ற நூல் நூலாக எஞ்சவில்லை. துளைபட்ட பக்கத்தில் வாக்கியம் இல்லை. பழம்பதிப்புகளும் அரிய படிகளும் அங்கே சிதைந்தன. சன்னத் துளையுடைய நூல்கள் சில மாட்ரிட்டின் கொம்புளுதென்சே சர்வகலாசாலையில் இன்றும் பாதுகாக்கப்படுகின்றன.

குடியரசு நூலை வெறும் செங்கல்லாக மதித்தது என்று எவரும் கருதவேண்டா. அதே நவம்பரில் பிராடோ கலைக்கூடத்தின் ஓவியங்கள் குண்டுமழைக்கிடையே வலென்சியாவுக்கு அனுப்பப்படலாயின. நவம்பர் 16ஆம் நாளிரவு அக்கலைக்கூடமும் தேசிய நூல்நிலையமும் தீக்குண்டுகளுக்கு இலக்காயின. போர்முனையாகிவிட்ட பீடத்திலிருந்தும் எஞ்சிய நூல்களைக் கலைச்செல்வப் பாதுகாப்புக் குழுவினர் மீட்டெடுத்துத் தேசிய நூல்நிலையத்திற் சேர்த்தார்கள். 1937இல் 'கலாசாரப் படையினர்' என்ற பெயரில் ஆசிரியர்கள் பதுங்குகுழிகளுக்குச் சென்று போர்வீரருக்கு எழுத்தறிவித்தார்கள். அதற்கெனத் தனிப் பாடநூலும் அச்சிடப்பட்டது. துப்பாக்கியைப் பிடித்த கை முதன்முறையாகத் தன் பெயரை எழுதியது. நூல் தன் உண்மையான வேலையைச் செய்தது யன்னலிலன்று. பதுங்குகுழியில் விரித்துவைத்த அந்தப் பாடநூலிலேயே.

யன்னலுக்கு அப்பால்

இதுவரை நாம் யன்னலுக்கு உள்ளே இருந்தோரைப் பற்றியே பேசினோம். யன்னலுக்கு அப்பாலிருந்து சுட்டவர் யார்? பலர் மொரோக்கோவின் ரிப் மலைநாட்டு ஏழைக் குடியானவர்கள். அவர்கள் நாட்டை 1912 முதல் ஸ்பெயின் அடக்கியாண்டது. அப்துல் கரீமின் தலைமையில் அவர்கள் விடுதலைக்காகப் போராடினார்கள். 1921இல் அன்னுவால் என்னுமிடத்தில் ஸ்பானியப் படையை முறியடித்தார்கள். பின்னர் ஸ்பெயின் அவர்களது ஊர்கள் மீது நச்சுவாயுக் குண்டுகளை வீசியது. 1926இல் பிரான்சும் ஸ்பெயினும் ஒன்றுசேர்ந்து அப்போராட்டத்தை நசுக்கின. அப்துல் கரீம் இந்து சமுத்திரத்திலுள்ள ரீயூனியன் தீவுக்கு நாடுகடத்தப்பட்டார்.

பத்தாண்டு கழிந்தபின், அம்மக்களின் வறுமையைப் பயன்படுத்தி, அவர்களை நசுக்கிய அதே தளபதிகள் அவர்களைக் கூலிக்குப் படையிற் சேர்த்துக்கொண்டார்கள். குடியரசு அவர்களுக்கு விடுதலை வழங்குவதாக உறுதி கூறியிருந்தால் பிராங்கோவின் படை பின்புறத்தில் ஆட்டங்கண்டிருக்கக் கூடும். 1936இன் பிற்பகுதியில் மொரோக்கோ தேசியவாதிகள் பேச வந்தபோதும் அவ்வுறுதி வழங்கப்படவில்லை. பிரான்சினதும் பிரித்தானியாவினதும் அதிருப்திக்கு அஞ்சியது ஒரு காரணம். குடியரசுவாதிகள் பலரிடம் எஞ்சியிருந்த குடியேற்ற மனப்பான்மை மற்றொரு காரணம்.

ஏங்கல்ஸ் கூறிய உண்மையை இங்கே நினைத்துப் பார்க்க வேண்டும். அரணின் மெய்யான பலம் எதிரே நிற்பவனின் கையைத் தளரச் செய்வதில் இருக்கிறது. மொரோக்கோக் குடியானவனின் கை தளர்வதற்கு அந்த நூலரண் என்ன காரணத்தைக் காட்டியது? அவனுக்கு எழுத்து கற்பிக்கப்படவில்லை. யன்னலில் அடுக்கியிருந்த நூல்கள் எதுவும் அவனை நோக்கிப் பேசவில்லை. அவனுடைய விடுதலையைத் தன் விடுதலையாகக் கொள்ளத் தவறிய குடியரசின் சுவரில் அவன் சுட்டான். மாட்ரிட்டின் வீரத்தைப் போற்றும் நாம், அடக்கப்பட்ட இன்னொரு மக்களினத்தை மறந்து எந்த முற்போக்கு அரணும் முழுமை பெறாது என்ற பாடத்தையும் சேர்த்தே கற்க வேண்டும்.

நெருப்பு

நவம்பர் 23ஆம் நாள் பிராங்கோ நேர்த்தாக்குதலை நிறுத்தினார். மாட்ரிட் அன்று வீழவில்லை. கோர்ன்போர்ட் டிசம்பர் இறுதியில், 21 வயதில், லோபெரா என்ற ஊருக்கருகே போரில் மடிந்தார். சன்னம் நூலில் எத்தனை பக்கம் புகுந்தது என்பதை உலகுக்குச் சொன்ன நொக்ஸ் அதே மாதத்தில் பொவதில்யாவில் சன்னத்தால் படுகாயமடைந்து, இறந்தவரெனக் கைவிடப்பட்டுப் பின்னர் பிழைத்தார். சர்வகலாசாலை நகர் இரண்டரை ஆண்டுக்குக் கிட்டப் போர்முனையாகவே இருந்தது. மேல்நாட்டு ஜனநாயக அரசுகள் 'தலையிடாக் கொள்கை' என்ற பெயரில் குடியரசுக்கு ஆயுதம் கிடைக்காமற் செய்தன. 1939 மார்ச் 28ஆம் நாள் பிராங்கோவின் படை மாட்ரிட்டுள் நுழைந்தது.

ஒரு மாதங்கூட முழுதாகச் சென்றபின் நடந்ததையே இக்கட்டுரையின் நடுப்பொருளாக நாம் கொள்கிறோம். ஏப்ரல் 30ஆம் நாள், நூல் விழாவின் பெயரால், மாட்ரிட் சர்வகலாசாலையின் பழைய கட்டட முற்றத்தில் பலாங்கே கட்சியின் மாணவர் அமைப்பினர் நூல்களைக் குவித்துத் தீயிட்டார்கள். ரூஸோ, வோல்ட்டேர், மார்க்ஸ், கார்க்கி, ரெமார்க், பிராய்ட் ஆகியோரின் நூல்கள் எரிக்கப்பட்டவற்றுள் அடங்கும். நாடெங்கும் ஆசிரியர்கள் விசாரணைக்கு நிறுத்தப்பட்டார்கள். ஆயிரக்கணக்கானோர் வேலை இழந்தார்கள். சர்வகலாசாலைப் பேராசிரியர் பலர் மெக்சிக்கோ முதலிய நாடுகளுக்கு ஓடினார்கள்.

சன்னம் நூலைப் படிப்பதில்லை. அதற்கு எல்லாத் தாளும் ஒன்றே. தீயிடுபவனோ நூற்பெயரைப் படித்துவிட்டே தீயிடுகிறான். எந்த நூல் எந்த மனத்திற் புகுந்து என்ன செய்யும் என்பதை அவன் அறிவான், அதனாலேயே அஞ்சுகிறான். சன்னத்துக்கு முன் நின்ற நூல்கள் நெருப்புக்கு முன் நிற்கவில்லை. 1981 மே 31ஆம் நாளிரவு யாழ்ப்பாணப் பொது நூல்நிலையம் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்களும், திரும்பக் கிடைக்காத ஏட்டுச் சுவடிகளும் சாம்பலாயின. அவற்றின் மொத்தக் கனம் எத்தனை ஆயிரம் சன்னங்களைத் தாங்கியிருக்கும் என்று கணக்கிடுவது எளிது. ஒரு தீக்குச்சிக்கு முன் அக்கணக்குப் பயனற்றது. நூலைக் காக்க வல்லது அதன் தாளன்று. அதை நேசிக்கும் மக்களின் ஒற்றுமையும் விழிப்புமே. அந்த ஒற்றுமை இனம், மொழி என்ற எல்லைகளைக் கடந்து விரியாத இடத்தில் எந்த நூல்நிலையமும் பத்திரமாக இராது.

நொக்ஸின் பிற்கால வாழ்வில் ஒரு நிகழ்ச்சி உண்டு. 1945இல் வட இத்தாலியில், பாஸிஸத்தை எதிர்த்த கரந்தடி வீரர்களோடு சேர்ந்து போரிட்டுக்கொண்டிருந்தார். இடிந்த மாளிகை ஒன்றின் குப்பைக்குள் இலத்தீன் கவிஞர் வேர்ஜிலின் நூல் ஒன்று அவர் கண்ணிற் பட்டது. அதைக் கையிலெடுத்து, கைபோன இடத்தில் விரித்தார். உலகமெங்கும் போர் மூண்டு, நன்மையும் தீமையும் தலைமாறி, உழவர் அற்றுப்போன வயல்கள் பாழாய்க் கிடப்பதை அக்கவிஞர் 2,000 ஆண்டுக்கு முன் பாடிய பகுதி எதிர்ப்பட்டது. உயிரோடு திரும்பினால் இப்படிப்பிற்கே மீள்வது என்று நொக்ஸ் அங்கே உறுதி செய்தார். அவ்வாறே திரும்பிச் சென்று, தம் காலத்தின் தலைசிறந்த கிரேக்க இலக்கிய அறிஞருள் ஒருவராக விளங்கி, 2010இல் தம் 95ஆம் வயதில் மறைந்தார்.

மாட்ரிட்டில் அவர் நூலுக்குப் பின்னால் மறைந்திருந்தார்; இத்தாலியில் நூலைத் திறந்தார். முன்னது அவர் உயிரைச் சில நாள் காத்தது. பின்னது அவ்வுயிரை எதற்காகச் செலவிடுவது என்பதை அவருக்குக் கூறியது. நம் வகுப்பறைகளில் நூல்கள் அலுமாரிக்குள் பூட்டப்பட்டு, பரீட்சைக்கு மட்டும் வெளியே எடுக்கப்படும் வரையில் அவையும் வெறும் தாளடுக்குகளே. அவற்றைத் திறந்து மாணவன் கையிற் கொடுப்பதும், தோட்டத் தொழிலாளியின் பிள்ளைக்கும் மீனவனின் பிள்ளைக்கும் அவை எட்டும்படி செய்வதும் ஆசிரியரின் வேலை. அந்த வேலைக்காகவே ஹுவானா காப்தெவியேல் வாழ்ந்தார். அது இன்னும் முடியவில்லை.